முகம் காட்டாமல் உங்களைப் படமெடுப்பது எப்படி? ஒரு பயிற்சி

தன்னைப் பற்றி ஆவணப்படம் எடுக்க நினைப்பவர்கள் முதலில் கேமராவை முகத்துக்கு நேரே வைத்துப் பேசத் தொடங்கிவிடுகிறார்கள். நாம் முகத்தையே விட்டுவிடப் போகிறோம். செல்போன் ஒன்று போதும்.

1. கையைப் படமெடுங்கள்

பிரெஞ்சு இயக்குநர் ஆக்னஸ் வர்தா, எழுபது வயதைக் கடந்தபின் எடுத்து 2000-இல் வெளியிட்ட ஆவணப்படத்தில், ஒரு கையில் சிறிய டிஜிட்டல் கேமராவைப் பிடித்துக்கொண்டு மறு கையைப் படமெடுத்தார். சுருக்கம் விழுந்த தோல் திரையை நிறைக்கிறது. அதே படத்தில் விரல்களை வளையமாக்கி, நெடுஞ்சாலையில் போகும் லாரிகளை அதற்குள் 'பிடித்து' விளையாடவும் செய்கிறார். முதுமையும் குறும்பும் ஒரே கையில்!

நீங்கள் ஜன்னல் ஓரமாக உட்காருங்கள். வெளிச்சம் பக்கவாட்டில் விழட்டும். போன் திரையில் கை தெரியும் இடத்தை அழுத்திப் பிடித்தால் பெரும்பாலான போன்களில் ஃபோகஸும் வெளிச்ச அளவும் லாக் ஆகிவிடும். இல்லையென்றால் கை அசையும்போது படம் மங்கலாம். கைக்கு ஒரு வேலை கொடுங்கள்: அட்டையிலிருந்து மாத்திரையைப் பிதுக்குவது, ஆல்பம் புரட்டுவது. ஒவ்வொரு ஷாட்டும் அரை நிமிடமாவது ஓடட்டும்.

2. 'நான்' என்பதை மாற்றிப் பாருங்கள்

உங்கள் வாழ்க்கையில் நடந்த ஒன்றைப் பத்து வரியில் எழுதுங்கள். அப்புறம் 'நான்' வரும் இடமெல்லாம் 'அவள்' அல்லது 'அவன்' என்று மாற்றுங்கள். "நான் அப்பாவிடம் பேசுவதை நிறுத்தினேன்" என்றால் அடுத்த வரியில் உங்கள் தரப்பு நியாயம் வந்து நிற்கும். "அவள் அப்பாவிடம் பேசுவதை நிறுத்தினாள்" என்றால் அவளையும் கொஞ்சம் சந்தேகத்தோடு பார்க்க முடியும். அமெரிக்க இயக்குநர் சூ ஃப்ரீட்ரிச், தன் தந்தையைப் பற்றி 1990-இல் எடுத்த படத்தில் இதைத்தான் செய்தார்: ஒரு சிறுமியின் குரல், 'அந்தப் பெண்' என்று கதை சொல்லிக்கொண்டே போகும்.

குரலைப் பதியும்போது மின்விசிறியை நிறுத்துங்கள். துணி நிறைந்த பீரோவைத் திறந்துவைத்து அதன் முன் நின்று பேசினால் எதிரொலி குறையும். கடைசியில் பேசாமல் அரை நிமிடம் பதிவு செய்யுங்கள். குரலை வெட்டிய இடங்களை அந்த அறையின் ஒலியால் நிரப்ப உதவும்.

3. படமும் குரலும் ஒன்றையே சொல்ல வேண்டாம்

பெல்ஜிய இயக்குநர் ஷாந்தால் அகெர்மான் 1970-களில் எடுத்த ஒரு படத்தில் நியூயார்க் தெருக்கள் ஓடுகின்றன. பெல்ஜியத்திலிருந்து அம்மா தனக்கு எழுதிய கடிதங்களை அகெர்மான் வாசிக்கிறார். சில இடங்களில் வாகன இரைச்சல் அந்தக் குரலையே விழுங்கிவிடும். எடிட்டிங்கில் நீங்களும் அப்பா என்று சொல்லும் இடத்தில் அப்பாவின் போட்டோவை வைக்காதீர்கள். மாத்திரை அட்டையை வையுங்கள்.

4. வீட்டாரிடம் கேளுங்கள்

உங்கள் கதையில் அம்மாவும் தம்பியும் இருப்பார்கள். யூடியூபில் ஏற்றுவதற்கு முன் அவர்களை உட்காரவைத்துக் காட்டுங்கள். "இதை எடுத்துடு" என்றால், சரி, எடுத்துவிட்டு மறுபடி எடிட் செய்யுங்கள்.