அந்த ராத்திரி எத்தனை தடவை வந்தது? காரணகாரியம் சுழலும் உலகை எழுதுவோர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

போன ஞாயிற்றுக்கிழமை தண்டையார்பேட்டையில் ஒரு மொட்டைமாடி அறையில் இளைஞர்கள் சிலர் தாங்கள் எழுதிய கதைகளைப் படித்தார்கள். அதில் மூன்று கதைகள், நாளை நடப்பது இன்று நடப்பதைத் தீர்மானிக்கும் உலகங்களைப் பற்றியவை. மூன்றிலும் ஒரே ஓட்டை. பல வருடங்களுக்கு முன்பு நான் விழுந்த அதே குழி. தேதி குழம்புவது, விதியைப் பாதியில் மறந்துவிடுவது எல்லாம் இரண்டாம் முறை படித்தாலே கண்ணில் படும். அவற்றை விட்டுவிடுகிறேன்.

காலத்தின் அம்பைத் திருப்பிவிட்டால் போதும் என்பது

போதாது. விளைவை முன்னால் வைத்து, காரணத்தைப் பின்னால் வைத்தாலும் அது நேர்கோடுதான்.

பட்டாம்பூச்சியைக் கொண்டுவருவது

பட்டாம்பூச்சி சிறகடித்தால் எங்கோ புயல் கிளம்பும் என்பார்களே, அதன் வேர் இது: 1963இல் வானிலை ஆய்வாளர் எட்வர்ட் லோரன்ஸ் காட்டியது, தொடக்கத்தில் இருக்கும் துளி வித்தியாசம் போகப்போகப் பெரிதாகிவிடும் என்பதை. அங்கேயும் காரணம் முன்னால்தான் நிற்கிறது. நமக்கு வேண்டிய சுழல் அதில் இல்லை.

சுழலைச் சுற்றுச் சுற்றாக எழுதுவது

இதுதான் என் இரண்டு வருடத்தைத் தின்ற தவறு. இன்றைக்கும் யாராவது ‘இரண்டாவது சுற்றில்’ என்று எழுதியிருப்பதைப் பார்த்தால் எனக்குப் பொறுக்காது.

என் நாவலின் ஊர் காசிமேடு மாதிரியான ஒரு மீன்பிடித் துறைமுகம். அந்த உலகின் விதி இது: விடியற்காலை ஏலத்தில் கூடை என்ன விலைக்குப் போகிறதோ, அது முந்தின இரவு வலையில் விழும் மீனைத் தீர்மானிக்கும். விலை 5,000 ரூபாய் என்றால் 100 கூடை. 1,000 என்றால் 20 கூடை. அதாவது விலையை 50ஆல் வகுத்தால் கூடைகளின் எண்ணிக்கை. ஏலமோ நம் ஊர் ஏலம்தான்: மீன் கூடினால் விலை இறங்கும். 100 கூடை வந்தால் 1,000 ரூபாய், 20 கூடை வந்தால் 5,000. கரையில் புழங்கும் மொத்தப் பணம் எப்போதும் ஒரு லட்சம்.

நான் எழுதியது இப்படி: 100 கூடை வருகிறது, விலை 1,000க்கு விழுகிறது. உடனே முந்தின இரவு மாறி 20 கூடை ஆகிறது, விலை 5,000க்கு ஏறுகிறது. மறுபடி இரவு மாறி 100 கூடை. நாயகன் இந்தச் சுற்றுகளில் சிக்கித் தவிக்கிறான். 280 பக்கம். படித்துப் பார்த்த மூத்தவர் ஒருவர், வாசகர் இதையெல்லாம் கவனிக்கமாட்டார் என்று தைரியம் சொன்னார். அதை நம்பினேன்.

பள்ளியில் கணக்கு நடத்தும் என் மச்சான்தான் கடைசியில் கேட்டான்: “மாமா, அந்த ராத்திரி மொத்தம் எத்தினி தடவ வந்துச்சு?”

ஒரு தடவைதான். ஒரே இரவு, ஒரே வலை, ஒரே ஏலம். ‘முதலில் 100, பிறகு 20’ என்று எழுதிய கணமே, அந்த உலகத்துக்கு வெளியே இன்னொரு கடிகாரத்தை மாட்டிவிட்டேன். அந்தக் கடிகாரத்தில் காலம் நேர்கோட்டில்தான் ஓடுகிறது. எதை உடைக்கப் புறப்பட்டேனோ அதையே கொல்லைப்புறமாக உள்ளே விட்டிருக்கிறேன்.

கேட்க வேண்டிய கேள்வி வேறு: எந்த எண்ணிக்கை இரண்டு விதிகளுக்கும் ஒரே நேரத்தில் பொருந்தும்? விலை, கூடை எண்ணிக்கையைப் போல் 50 மடங்கு; இரண்டையும் பெருக்கினால் ஒரு லட்சம். ஆக, கூடை எண்ணிக்கையின் வர்க்கம் 2,000 ஆக வேண்டும். சுமார் 45 கூடை, விலை 2,240 ரூபாய்க்குச் சற்றுக் குறைவு. அங்கே நடக்கக்கூடியது அது ஒன்றுதான். என் மாதிரி சுற்றிச் சுற்றி எழுதினால் 100, 20, 100, 20 என்று ஆயுளுக்கும் ஊசலாடலாம், 45ஐத் தொடவே முடியாது.

நிஜ இயற்பியலும் இந்தக் கேள்வியைத்தான் கேட்டிருக்கிறது. காலத்தில் சுற்றித் தன்னிடமே திரும்பும் பாதைகளை ஐன்ஸ்டைனின் சமன்பாடுகள் அனுமதிக்கின்றன என்று 1949இல் தர்க்கவியல் மேதை குர்ட் கோடெல் காட்டினார். 1991இல் இயற்பியலாளர் கிப் தோர்னும் அவருடன் இருவரும் ஒரு பில்லியர்ட்ஸ் பந்தை எடுத்துக்கொண்டு கணக்குப் போட்டார்கள். பந்து ஒரு புழுத்துளைக்குள், அதாவது இடத்தையும் காலத்தையும் குறுக்காக இணைக்கும் சுரங்கம் போன்ற வழிக்குள் போய், போனதற்கு முந்தைய நேரத்தில் வெளியே வந்து, உள்ளே போகவிருக்கும் தன்னையே இடித்துத் தள்ளிவிட்டால்? முரண்பாடு. ஆனால் கேரம் ஆடுகிறவருக்கு உடனே புரியும் ஒரு விடை கிடைத்தது. நேராக இடிக்காமல் ஓரத்தில் உரசினால், பந்து லேசாகத் திரும்பி உள்ளே போகும். அப்படித் திரும்பிப் போனதாலேயே வெளியே வரும்போது உரச மட்டும் செய்யும். எல்லாம் பொருந்துகிறது. அப்படிப் பொருந்தும் பாதைகள் எண்ணற்றவை என்றும் கண்டார்கள்.

அந்த ‘எண்ணற்றவை’தான் கதைக்காரருக்குக் கிடைத்த புதையல். என் விதியைத் திருப்பிப் பாருங்கள்: விலை ஏறினால் முந்தின இரவு மீன் குறையும், 5,000 என்றால் 20 கூடை, 1,000 என்றால் 100 கூடை என்று வையுங்கள். ஏலம் பழையபடிதான். 20 கூடை, 5,000 ரூபாய் பொருந்துகிறது. 100 கூடை, 1,000 ரூபாயும் பொருந்துகிறது. இரண்டில் எது நடக்கும் என்று விதி சொல்லாது. அந்த ஊர் மக்கள் அதைத் தலைவிதி என்பார்களா, சாமி என்பார்களா, முதலாளிகளின் சூழ்ச்சி என்பார்களா? நாவலே அங்கேதான் இருக்கிறது. நான் 280 பக்கம் அதைப் பார்க்காமல் கடந்துபோயிருக்கிறேன்.

தொடக்கமில்லாத பொருள்

எதிர்காலத்திலிருந்து வந்த கடிதத்தையே மறுபடி கடந்த காலத்துக்கு அனுப்பாதீர்கள். காகிதம் கசங்கும், மை மங்கும். திரும்பி வரும்போது வந்த நிலையிலேயே இருந்தாக வேண்டும். அந்தக் கசங்கலை யார் நீவியது என்று எழுதுங்கள், அல்லது கடிதத்தில் உள்ள சேதியை மட்டும் அனுப்புங்கள்.

நம் பேச்சை அப்படியே அவர்களுக்குக் கொடுப்பது

‘எதனால்’ என்று கேட்டால் நாம் பின்னால் பார்க்கிறோம், ‘எதற்காக’ என்றால் முன்னால். ‘ஏன்’ இரண்டுக்கும் பொது. சுழல் உலகத்தில் பிறந்தவர்களுக்கு முதல் இரண்டும் தனித்தனிச் சொற்களாக இருக்க நியாயமே இல்லை. ஆனாலும் நம் கதைகளில் அவர்கள் நம்மைப் போலவே பேசுகிறார்கள்.

அன்று படித்த மூவரில் ஒரு பெண், தன் கதையை நேற்று திருத்திக் கொண்டுவந்தாள். அதில் படகு கரை சேர்கிறது. மகன் இன்னும் கூடையை இறக்கவில்லை. அவன் அம்மா கேட்கிறாள்: “இன்னா நைனா, இன்னிக்கு எவ்ளோக்குப் போச்சு?” ஏலம் தொடங்க இன்னும் ஒரு மணி நேரம் இருக்கிறது.