பதின்மூன்று புளியங்கொட்டை: பிள்ளைகளுக்குச் சமூக நீதிக் கதை சொல்வது எப்படி?

செப்டம்பர் 17 பெரியார் பிறந்தநாள். 2021இலிருந்து தமிழ்நாட்டில் அதைச் சமூக நீதி நாளாகக் கொண்டாடுகிறோம். அன்று பள்ளியில் உறுதிமொழி எடுத்துவிட்டு வந்த பிள்ளைகளை மாலையில் லயத்துத் திண்ணையில் (லயம் என்றால் தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகள்) உட்காரவைத்து, "சமூக நீதின்னா என்ன தெரியுமா?" என்று ஆரம்பித்தேன். சமத்துவம், உரிமை, பாகுபாடு என்று கால்மணி நேரம் பேசியிருப்பேன். ஆறாவது படிக்கும் ஒருத்தி கையைத் தூக்கினாள்.

"அக்கா, இது பரீட்சைக்கு வருமா?"

வராது என்றேன். நோட்டை மூடிவிட்டாள்.

கோத்தகிரிப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்து லயத்தில் மாலை வகுப்பு எடுக்கிறேன். அந்த நோட்டு மூடியதற்குப் பிறகு தட்டுத் தடுமாறி நான் கற்றுக்கொண்ட ஒரே ஒரு கதையின் செய்முறைதான் இந்தப் பதிவு. உங்கள் ஊரில் வேறு கதை இருக்கும். செய்முறை பெரிதாக மாறாது.

தேவையானவை: புளியங்கொட்டை 13, ஒரு பழைய துண்டு, ஒரு சாக்பீஸ், அரைமணி நேரம். எங்கள் பக்கமாக இருந்தால் கூடுதலாக ஒன்று. இருட்டுவதற்குள் முடித்துவிட வேண்டும், அப்புறம் கரடி இறங்கும்.

படி 1: தலைப்பை விடுங்கள், ஒரு பொருளைப் பிடியுங்கள்

"தொழிலாளர் உரிமை" கதை ஆகாது. கொழுந்து நிறுக்கிற தராசு கதை ஆகும். ஈரத்துக்கு இவ்வளவு, சாக்குக்கு இவ்வளவு என்று கழிக்கிற கிலோ கதை ஆகும். கையில் எடுத்துக் காட்ட முடிகிற, அல்லது விரலால் சுட்ட முடிகிற ஒன்றைத் தேடுங்கள்.

எங்கள் வீட்டில் ஒரு அம்மிக் குழவி இருக்கிறது. அம்மாயி, அதாவது அம்மாவின் அம்மா, எழுபதுகளில் இலங்கையிலிருந்து வந்தபோது கொண்டுவந்தது. அம்மி கனம் என்று அங்கேயே விட்டுவிட்டார்கள். இங்கே வந்து வாங்கிய அம்மிக்கு அந்தக் குழவி குட்டை, அதனால் அரைக்கும்போது விரல் கணு கல்லில் உரசும். அம்மாயியின் இரண்டு கையிலும் அந்த இடத்தில் தோல் காய்த்துப் போயிருந்தது. வேறு குழவி வாங்க ஐம்பது வருடம் யாருக்கும் தோன்றவில்லையா என்றால், தோன்றியது. அம்மாயி விடவில்லை.

சரி, இதில் சமூக நீதி எங்கே இருக்கிறது என்று இப்போதே தேட வேண்டாம். அது தானாக வரும்.

படி 2: பெரியவர்களிடம் கேட்பது

இதில்தான் எல்லாரும் சறுக்குவார்கள். நானும் சறுக்கினேன். "அங்க ரொம்பக் கஷ்டப்பட்டீங்களா அம்மாயி?" என்று கேட்டால், "ஆமா, என்ன பண்றது" என்று ஒரு வரியில் முடிந்துவிடும். கஷ்டத்தைக் கேட்காதீர்கள், பெட்டியைக் கேளுங்கள்.

"கப்பல் ஏறுறப்ப பெட்டியில என்னென்ன வெச்சீங்க?"

"அதை ஏன் புள்ள கேக்குற. ரெண்டு சேலை, உங்கம்மாவோட சிலேட்டு, குழவி. உங்க தாத்தா திட்டுனாரு, இந்தியாவுல கல்லே இல்லையான்னு."

அப்புறம் ஒரு மணி நேரம் நிற்காமல் பேசினார். தலைமன்னாரில் கப்பல் ஏறியது, ராமேஸ்வரத்தில் இறங்கியது, மண்டபம் முகாமில் பெயர் கூப்பிடும்வரை காத்திருந்தது, மலைக்கு வந்த முதல் ராத்திரி குளிரில் சாக்கைப் போர்த்தியது. நான் குறுக்கே பேசாமல் இருந்ததுதான் அன்று நான் செய்த ஒரே நல்ல காரியம்.

பேசி முடித்ததும் கட்டாயம் கேட்க வேண்டியது: "இதைப் பிள்ளைகளுக்குச் சொல்லட்டுமா? எதை விட்டுடணும்?" அம்மாயி ஒரு விஷயத்தை மட்டும் விடச் சொன்னார். விட்டுவிட்டேன். இங்கேயும் விடுகிறேன்.

அனுமதி கேட்பது வெறும் மரியாதைக்காக இல்லை. முதல் வருடம், தராசில் கிலோ குறைந்த கதை ஒன்றைப் பிள்ளைகளிடம் சொன்னேன். பெயரைச் சொல்லவில்லை. ஆனால் "மூக்குத்தி போட்ட, வெற்றிலை போடுகிற, மேல் லயத்து அக்கா" என்றால் எங்கள் தோட்டத்தில் ஒரே ஒருவர்தான். மறுநாள் பிரட்டுக் களத்தில், காலையில் பெயர் கூப்பிட்டு வேலை பிரித்துக் கொடுக்கும் இடத்தில், அவரை நிறுத்திக் கேள்வி கேட்டிருக்கிறார்கள். இரண்டு நாள் அவருக்கு வேலை கிடைக்கவில்லை. நான் போய் மன்னிப்புக் கேட்டேன். "பரவாயில்ல விடு" என்றார். பரவாயில்லை என்று எனக்குத் தோன்றவில்லை. இப்போது வேலையில் இருப்பவர்களின் கதை என்றால் ஊரை மாற்றுங்கள், வயதை மாற்றுங்கள், ஆணைப் பெண்ணாக்குங்கள். கிலோவை மட்டும் மாற்றாதீர்கள்.

படி 3: வருடமும் எண்ணும் சரியாக இருக்கட்டும்

வீட்டுக் கதையில் நினைவு முன்பின்னாக இருக்கலாம். அதைச் சுற்றியுள்ள நாட்டுக் கதையில் அப்படி இருக்கக் கூடாது. ஒரு எண் தப்பானால், பிடிக்காதவர்கள் அந்த எண்ணைப் பிடித்துக்கொண்டு முழுக்கதையையும் பொய் என்பார்கள்.

இந்தக் கதைக்குத் தேவையானது இவ்வளவுதான். 1948இல் இலங்கையில் வந்த குடியுரிமைச் சட்டம், தகப்பன் பாட்டன் வழியில் அந்த மண்ணில் பிறந்ததைக் காட்டச் சொன்னது. லயத்தில் பிறந்தவர்களிடம் அதற்குக் காகிதம் ஏது? ஆங்கிலேயர் காலத்தில் தோட்ட வேலைக்கு இங்கிருந்து போனவர்களின் வழிவந்த மலையகத் தமிழர்களில் பெரும்பாலானவர்கள் எந்த நாட்டுக்கும் சொந்தமில்லாதவர்கள் ஆனார்கள். 1964 அக்டோபர் 30 அன்று இந்தியப் பிரதமர் லால் பகதூர் சாஸ்திரியும் இலங்கைப் பிரதமர் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் ஒப்பந்தம் போட்டார்கள். மொத்தம் 9,75,000 பேர் என்று கணக்கு. அதில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு. மீதி 1,50,000 பேரை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டார்கள். 1974இல் அவர்களையும் பாதிப் பாதியாகப் பிரித்தார்கள்.

இவை காகிதத்தில் இருந்த எண்கள். உண்மையில் இங்கே வந்தவர்கள் இதைவிடக் குறைவு. வந்தவர்களில் ஒரு பகுதியினருக்கு வேலை கொடுக்கத்தான் 1968இல் தமிழ்நாடு அரசு நீலகிரியில் தேயிலைத் தோட்டம் போட ஆரம்பித்தது. இன்று நாம் டான்டீ என்று சொல்வது அதுதான்.

இந்த லட்சக் கணக்கைப் பிள்ளைகளிடம் சொன்னால் மறுபடி நோட்டு மூடும். ஒருநாள் பஸ்ஸில் வரும்போது சும்மா வகுத்துப் பார்த்தேன். எழுபத்தையாயிரத்தால் வகுத்தால் 7, 4, 2. மொத்தம் 13. வீட்டுக்கு வந்து நேராகப் புளி டப்பாவைத் திறந்தேன்.

படி 4: சொல்வது

துண்டை விரித்துப் பதின்மூன்று கொட்டையையும் நடுவில் கொட்டுங்கள். ஒவ்வொரு பிள்ளையும் ஒரு கொட்டையை எடுத்துப் பெயர் வைக்கட்டும். அவசரப்படுத்தாதீர்கள், பாதிக் கதை இதில்தான் இருக்கிறது. எங்கள் திண்ணையில் அப்பாயி, சித்தி, பாப்பா, கங்காணி மாமா எல்லாம் வந்தார்கள். ஒரு பையன் தன் கொட்டைக்கு ஜிம்மி என்று நாயின் பெயரை வைத்தான். இருக்கட்டும், ஜிம்மியும் வரட்டும். பெயர் வைத்த கொட்டைகளை மறுபடி துண்டில் கும்பலாக வைக்கச் சொல்லுங்கள். இதுதான் லயம்.

இப்போது குழவியைக் காட்டி, அம்மாயி கதையைத் தொடங்குங்கள். விடிகாலையில் எழுவது, கூடையைத் தலையில் மாட்டுவது, மத்தியானம் குழவியில் அரைக்கும் சம்பல். ஐந்து நிமிடம் போதும். குரலை மாற்றி நடிக்க வேண்டாம். அழுகிற குரல் வேண்டவே வேண்டாம், பிள்ளைகளுக்குச் சிரிப்பு வந்துவிடும்.

பிறகு துண்டின் நடுவில் சாக்பீஸால் ஒரு கோடு. "இது கடல்." பெரிய பிள்ளைகள் இரண்டு பேரைக் கூப்பிட்டு, திண்ணையின் அந்த மூலையில் போய்க் காதோடு காதாகப் பேசச் சொல்லுங்கள். மற்றவர்களுக்கு ஒன்றும் கேட்கக் கூடாது. என்ன பேச வேண்டும் என்பதை முன்பே அந்த இருவரிடம் சொல்லி வைத்திருங்கள். அவர்கள் திரும்பி வந்து, யாரையும் நிமிர்ந்து பார்க்காமல், கையில் வந்த ஏழு கொட்டையை இந்தப் பக்கம் தள்ள வேண்டும். நாலை அந்தப் பக்கம். மீதி இரண்டைக் கோட்டின் மேலேயே வைத்துவிட்டு, "இதை அப்புறம் பாத்துக்கலாம்" என்று சொல்லிவிட்டுப் போய் உட்கார வேண்டும்.

நான் முதல் தடவை செய்தபோது ஒரு நொடி யாரும் பேசவில்லை. அப்புறம் திண்ணையே கத்தியது.

"ஏய், எங்க அப்பாயிய ஏன்டா அங்க தள்ளுன?"

"அக்கா, சித்தி இங்க இருக்கு, பாப்பா அங்க இருக்கு!"

ஜிம்மி கோட்டின் மேல் இருந்தது. அந்தப் பையன் ஒன்றும் சொல்லவில்லை. கையை நீட்டினான், பிறகு இழுத்துக்கொண்டான்.

கோட்டின் மேல் இருக்கும் இரண்டையும் தொடாதீர்கள். கதையைத் தொடருங்கள். பாஸ்போர்ட், பெட்டி, கப்பல், மண்டபம், குளிர். நடுநடுவே பிள்ளைகளின் கண் அந்த இரண்டு கொட்டைக்கே போகும். "அது என்ன ஆச்சு?" என்று கேட்பார்கள். "பத்து வருஷம் அப்படியே கெடந்துச்சு" என்று மட்டும் சொல்லுங்கள். கடைசியில் அந்த இரண்டு பெரிய பிள்ளைகளும் எழுந்து வந்து, ஆளுக்கு ஒன்றாக எடுத்து இருபுறமும் வைக்கட்டும்.

எட்டாம் வகுப்புக்கு மேல் என்றால் இன்னொன்றும் சொல்ல வேண்டும். யார் எந்தக் குடியுரிமை கேட்கிறார்கள் என்று மனு வாங்கினார்கள் என்பது உண்மைதான். ஆனால் ஒப்பந்தத்தில் எத்தனை பேர் என்ற எண்ணை எழுதியபோது லயத்தில் யாரையும் கேட்கவில்லை.

படி 5: நிறுத்துவது

குழவியை அம்மாயி புது அம்மியில் வைத்துப் பார்த்தார், குட்டையாக இருந்தது. அங்கே நிறுத்துங்கள். "ஆகவே பிள்ளைகளே" என்று வாய் வரும். கடித்துக்கொள்ளுங்கள்.

கேள்வி மட்டும் கேட்கலாம். எந்தக் கொட்டைக்குக் கோபம் அதிகம் வந்திருக்கும்? மூலையில் பேசியவர்கள் யாரிடம் கேட்டிருக்கலாம்? எங்கள் பிள்ளைகளை இங்கே சிலர் "அகதி" என்கிறார்கள். அது ஏன் தப்பு என்பதை இந்த இடத்தில் பேசலாம். ஒப்பந்தப்படி குடியுரிமையோடு வந்தவர்கள் அம்மாயி போன்றவர்கள். 1983க்குப் பிறகு போருக்குத் தப்பி வந்தவர்கள் கதை வேறு. இப்படிச் சொன்னபோது ஒரு பெண், "அப்ப அகதின்னா கேவலமா அக்கா?" என்று கேட்டாள். நான் சொன்ன விதத்தில் அப்படித்தான் தொனித்திருக்கிறது. அடுத்த முறை இரண்டையும் ஒரே குரலில் சொன்னேன்.

படி 6: உங்களுக்குப் பிடிக்காத கேள்விக்கு இடம் விடுங்கள்

எங்கள் வகுப்புக்கு இருளர் பழங்குடியினர் குடியிருக்கும் பதியிலிருந்தும் மூன்று பிள்ளைகள் வருகிறார்கள். கதை முடிந்ததும் அதில் ஒரு பையன் கேட்டான்: "உங்க அம்மாயி வர்றதுக்கு முன்னாடி இந்த எடத்துல யாரு அக்கா இருந்தாங்க?"

டான்டீ தோட்டங்கள் எழுந்தது வனத்துறை நிலத்தில். அந்தக் காட்டோடு உறவு வைத்திருந்த மக்களையும் யாரும் கேட்கவில்லை. வன உரிமைச் சட்டம் வர 2006 ஆனது. என் அம்மாயி கதையில் நாங்கள் பாதிக்கப்பட்டவர்கள் மட்டும்தான். அவன் கேட்ட கேள்வியில் எங்களுக்கு வேறு இடம்.

இருளர் கதையை நான் படித்துவிட்டு வந்து மறுநாள் சொல்லியிருக்கலாம். அது என் வேலை இல்லை. "உங்க தாத்தாகிட்ட கேட்டு நீயே சொல்றியா? சொல்லலைன்னாலும் பரவாயில்ல" என்றேன். மூன்று வாரம் கழித்துச் சொன்னான். கல்லும் கொட்டையும் இல்லாமல், தாத்தா தேன் எடுக்கப் போன வழியைத் தரையில் விரலால் வரைந்து. என்னைவிட நன்றாகச் சொன்னான், அது வேறு விஷயம்.

படி 7: திண்ணையை விட்டு வெளியே

கடைசியாக ஒரே கேள்வி: "இப்ப நம்ம லயத்துல யாரையும் கேக்காம முடிவு பண்ற விஷயம் என்ன?"

பதில் உடனே வந்தது. தண்ணீர். குழாய் திறக்கும் நேரம் காலை எட்டரை. அந்த நேரத்தில் அம்மாக்கள் எல்லாரும் கொழுந்து பறிக்க மலையில் நிற்பார்கள். வீட்டில் இருக்கும் சின்னப் பிள்ளைதான் பள்ளிக்கு நேரமாகி குடத்தோடு நிற்கும்.

முன்பு இதற்கு மனு எழுதியிருந்தோம், "தாங்கள் ஆவன செய்யுமாறு" என்று. ஒன்றும் ஆகவில்லை. இந்த முறை அக்டோபர் 2 கிராம சபையில் ஒரு அம்மா எழுந்து, தன் மகள் ஒரு வாரத்தில் எந்தெந்த நாள் எத்தனை நிமிடம் பிந்திப் பள்ளிக்குப் போனாள் என்பதைக் கதையாகச் சொன்னார். நாள், நேரம், குடத்தின் எண்ணிக்கை. வேறு எதுவும் சேர்க்கவில்லை. தீர்மானத்தில் எழுதிக்கொண்டார்கள். நவம்பர் 1 கூட்டத்தில் மறுபடி கேட்டோம். இப்போது வாரத்தில் மூன்று நாள் மாலை ஐந்தரைக்குத் திறக்கிறார்கள். மீதி நாள் பழைய எட்டரைதான். ஜனவரி 26க்கு இன்னொரு அம்மா பேசுவதாகச் சொல்லியிருக்கிறார்.

வகுப்பு முடிந்ததும் கொட்டைகளை எண்ணி டப்பாவில் போடுங்கள். பன்னிரண்டுதான் இருக்கிறது என்றால் ஒன்று யாராவது பிள்ளையின் சட்டைப்பையில் போயிருக்கும். எங்களுக்கு முதல் நாளே ஜிம்மி காணாமல் போய்விட்டது. கேட்காதீர்கள். வீட்டுப் புளியில் இன்னொன்று கிடைக்கும்.