பிராக் நகரத்தை வழிகாட்டியோடு நடந்து பார்ப்பது எப்படி?

கிருஷ்ணகிரி, ஓசூர், தருமபுரிப் பக்கத்தில் இன்று பல வீடுகளில் ஒரு பிள்ளையாவது ஜெர்மனியிலோ நெதர்லாந்திலோ வேலையில் இருக்கிறது. பெற்றோர் கோடையில் இரண்டு மாதம் அங்கே போய்த் தங்கிவிட்டு வருகிறார்கள். போன இடத்தில் பிள்ளை ஏதாவது ஒரு சனி, ஞாயிறில் பக்கத்து நாட்டுத் தலைநகரம் ஒன்றுக்கு அழைத்துச் செல்ல, பேருந்தின் மாடியில் உட்கார்ந்து சுற்றிவிட்டு, நூறு படங்கள் எடுத்துக்கொண்டு திரும்புகிறார்கள். ஊருக்கு வந்த பிறகு எந்தப் படம் எந்தக் கோயில் என்று சொல்லத் தெரிவதில்லை. அந்தக் குறை நேராமல் இருக்க, இரண்டரை மணி நேரம் வழிகாட்டி ஒருவரோடு நடப்பதைப் போன்ற நல்ல வழி வேறில்லை என்பதை, என் அப்பாவோடு செக் குடியரசின் தலைநகரமான பிராகில் நடந்தபோது கண்டுகொண்டேன். அதை எப்படிச் செய்வது என்பதை, எங்களுக்கு நேர்ந்த தவறுகளையும் சேர்த்தே இங்கே எழுதுகிறேன்.

பிராகைத் தேர்ந்தெடுக்கச் சொல்வதற்குக் காரணம் உண்டு. அதன் பழைய நகரம் சிறியது. பார்க்க வேண்டியவற்றில் பெரும்பகுதி ஒன்றுக்கொன்று நடந்துபோகும் தொலைவில் இருக்கிறது. போர்களில் அவ்வளவாகச் சிதையாததால் அறுநூறு ஆண்டுக் கட்டடங்கள் நின்றபடி நிற்கின்றன. 1992-இல் யுனெஸ்கோ அதன் பழைய பகுதியை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. ஐரோப்பிய நாடுகள் பலவற்றுக்கும் பொதுவான ஷெங்கன் விசா வைத்திருந்தால் செக் நாட்டுக்கென்று தனி விசா தேவையில்லை. பெர்லினிலிருந்து ரயிலில் நான்கு மணி நேரத்துக்குச் சற்று மேல் ஆகும். நாணயம் மட்டும் யூரோ அன்று, கொருனா.

நடையை முதல் நாள் காலையிலேயே வைத்துக்கொள்ளுங்கள். கடைசி நாளுக்குத் தள்ளிவிட்டால், வழிகாட்டி சொன்ன ஓர் இடத்துக்குத் திரும்பிப் போய் நின்று பார்க்கும் வாய்ப்பு போய்விடும். அந்தத் திரும்பிப் போதலில்தான் பாதிப் பயன் இருக்கிறது. நடைகள் இரண்டு வகை. ஒன்றில் முன்கூட்டியே கட்டணம் கட்டிப் பதிவு செய்கிறோம். மற்றொன்றை இலவச நடை என்று சொல்வார்கள். முடிவில் நம் மனத்துக்குப் பட்டதைக் கொடுப்பது வழக்கம். இலவசம் என்ற சொல்லை நம்பி ஒன்றும் கொடுக்காமல் நழுவுவது மிகத் தவறு, ஏனென்றால் வழிகாட்டியின் அன்றைய கூலியே அதுதான். நாங்கள் தலைக்கு 250 கொருனா கொடுத்தோம். எந்த வகையானாலும் பதினைந்து பேருக்கு உட்பட்ட குழுவாகப் பார்த்துச் சேருங்கள். முப்பது, நாற்பது பேர் கொண்ட குழுவில் பின்வரிசையில் நிற்பவருக்கு வழிகாட்டி உயர்த்திப் பிடிக்கும் குடையின் நுனி தெரியும், பேச்சு கேட்காது.

பேச்சு கேட்பதில் நமக்கு இன்னொரு சிக்கல் இருக்கிறது. வழிகாட்டி ஆங்கிலத்தில்தான் பேசுவார் என்றாலும், செக் மக்களின் உச்சரிப்பு நம் காதுக்குப் பழக்கமில்லாதது. ஊர்ப்பெயர்களும் அரசர் பெயர்களும் முதன்முறை கேட்கும்போது இரைச்சலாகவே கடந்துபோகும். ஆகவே முந்தின இரவு அரை மணி நேரம் செலவழித்து ஒரு பத்துப் பெயர்களை மட்டும் படித்து வைத்துக்கொள்ளுங்கள். நான்காம் சார்லஸ், யான் ஹூஸ், யான் நெபோமுக், வல்தாவா ஆறு, வெள்ளைமலைப் போர் ஆகிய ஐந்தும் அந்தப் பத்தில் கட்டாயம் இருக்கட்டும். பெயர் முன்பே தெரிந்திருந்தால் கதை தானாகப் புரியும். நடக்கும்போது வழிகாட்டிக்குப் பக்கவாட்டில் நடந்தால், நிறுத்தங்களுக்கு இடையில் அவர் சாதாரணமாகப் பேசுவதும் காதில் விழும். சில நேரம் அந்தப் பேச்சே சிறந்த பகுதியாக அமைந்துவிடுகிறது.

காலுக்குச் செருப்பு வேண்டாம். பழைய நகரத்தின் தெருக்கள் முழுவதும் கல் பாவியவை. சின்னச் சின்னக் கருங்கல் கட்டைகளை நெருக்கி அடுக்கியிருப்பதால், தட்டையான அடி கொண்ட செருப்போடு ஒரு மணி நேரம் நடந்தாலே குதிகால் வலிக்கும், மழை பெய்தால் வழுக்கும். தடித்த அடிப்பாகம் உள்ள, ஏற்கெனவே போட்டுப் பழகிய காலணியே சரி. புதிதாக வாங்கிய காலணியை அன்றைக்குத்தான் முதலில் போடுவேன் என்று அடம்பிடிக்காதீர்கள். மே மாதத்திலும் ஆற்றங்கரையில் குளிர்காற்று அடிக்கும் என்பதால் ஒரு சால்வை தேவைப்படும். குழாய்த் தண்ணீரைக் குடிக்கலாம், பாட்டிலில் நிரப்பிக்கொள்ளுங்கள். வழியில் சைவ உணவு தேடி அலைய வேண்டாம் என்றால் வறுத்த வேர்க்கடலையும் இரண்டு வாழைப்பழமும் போதும்.

கழிவறை பற்றி வெளிப்படையாகவே எழுதுகிறேன், ஏனென்றால் எங்கள் நடை கெட இருந்தது அதனால்தான். பொதுக் கழிவறைகள் பலவற்றில் காசு கொடுக்க வேண்டும், சில்லறை கையில் இருக்க வேண்டும். நடுவழியில் அப்பா யாரிடமும் சொல்லாமல் ஒதுங்க, நானும் அவர் பின்னால் போக, திரும்பி வந்தபோது குழு போய்விட்டிருந்தது. ஒரே மாதிரித் தெரிந்த சந்துகளில் இருபது நிமிடம் அலைந்துதான் அவர்களைப் பிடித்தோம். தொடங்கும் முன்பே போய்விட்டு வந்துவிடுங்கள். நடுவில் தேவைப்படலாம் என்றால் முதலிலேயே வழிகாட்டியிடம் சொல்லிவிடுங்கள். சொன்னால் காத்திருப்பார், சொல்வதில் வெட்கப்பட ஒன்றுமில்லை.

சாலையைக் கடக்கும்போது நம் பழக்கம் முதலில் வலப்பக்கம் பார்ப்பது. அங்கே வண்டிகள் சாலையின் வலப்புறம் ஓடுவதால், முதலில் இடப்பக்கம் பார்க்க வேண்டும். டிராம் வண்டி விஷயத்தில் இன்னும் கவனம் தேவை: கார்கள் நடைபாதைக் கோட்டில் நமக்காக நிற்கும், டிராம் நிற்காது, சட்டப்படியே அதற்குத்தான் முன்னுரிமை.

இனி நடையைப் பற்றி. பெரும்பாலான குழுக்கள் 1475-இல் கட்டத் தொடங்கிய வெடிமருந்துக் கோபுரத்தின் அருகிலோ பழைய நகரச் சதுக்கத்திலோ தொடங்குகின்றன. கோபுரத்திலிருந்து சதுக்கத்துக்குப் போகும் தெரு, பொஹிமியா (இன்றைய செக் நாட்டின் பெரும்பகுதி) அரசர்களின் முடிசூட்டு ஊர்வலம் போன பாதை. சதுக்கத்தின் நடுவில் நிற்கும் பெரிய சிலை, சமயச் சீர்திருத்தம் பேசியதற்காக 1415-இல் உயிரோடு எரிக்கப்பட்ட யான் ஹூஸுடையது. சரியாக ஐந்நூறு ஆண்டுகள் கழித்து 1915-இல் அதை நிறுவினார்கள்.

நகர மன்றச் சுவரில் உள்ள வானியல் கடிகாரத்தின் முன்னால் மணிக்கு மணி கூட்டம் சேரும். எலும்புக்கூட்டு உருவம் மணிக்கயிற்றை இழுக்க, மேலே சன்னல்களில் ஏசுவின் சீடர்கள் பன்னிருவரும் வரிசையாகத் தோன்றி மறைவார்கள். எல்லாம் ஒரு நிமிடத்துக்குள் முடிந்துவிடும். பலர் அதைப் படம் பிடித்துவிட்டுக் கலைந்து போகிறார்கள். நீங்கள் போகாதீர்கள், ஏனென்றால் கூட்டம் கலைந்த பிறகுதான் கடிகாரத்தைப் பார்க்க முடியும். 1410-இல் வைக்கப்பட்ட இக்கடிகாரம் பன்னிரண்டு ராசிகளையும், சூரியனும் சந்திரனும் எந்த ராசியில் இருக்கின்றன என்பதையும் காட்டுகிறது. பஞ்சாங்கம் பார்க்கத் தெரிந்த நம் வீட்டுப் பெரியவர்கள், உடன் நிற்கும் மற்ற எவரையும்விட விரைவாக இதைப் புரிந்துகொள்வார்கள். வெளி வளையத்தில் உள்ள எண்கள் சூரியன் மறைந்ததிலிருந்து இருபத்துநான்கு மணி நேரத்தை எண்ணுபவை. நாம் உதயாதி நாழிகை என்று விடியலிலிருந்து கணக்கிட்டோம். அவர்கள் அந்தியிலிருந்து கணக்கிட்டிருக்கிறார்கள். பருவத்துக்குப் பருவம் அந்தி நேரம் மாறுவதால் அந்த வளையமும் நகர்கிறது. இதை விளக்கச் சொல்லிக் கேளுங்கள், கேட்டால்தான் சொல்வார்கள். அங்கே நிற்கும்போது பையை முன்பக்கம் மாட்டிக்கொள்ளுங்கள், எல்லோரும் அண்ணாந்து பார்க்கும் இடம் திருடர்களுக்கு வசதியானது.

அண்ணாந்து பார்த்தது போதும், கீழே பாருங்கள் என்பதுதான் நான் சொல்ல விரும்பும் முதன்மையான செய்தி. அதே நகர மன்றக் கட்டடத்தின் கிழக்குப் பக்கம் தரையில் இருபத்தேழு வெள்ளைச் சிலுவைகள் கல்லோடு கல்லாகப் பதிக்கப்பட்டிருக்கின்றன. அரசரை எதிர்த்துக் கிளர்ந்து, 1620 நவம்பரில் வெள்ளைமலைப் போரில் தோற்ற பொஹிமியப் பிரபுக்கள், வீரர்கள், நகரத்தார் என இருபத்தேழு பேருக்கு 1621 ஜூன் 21 அன்று அந்த இடத்தில் மரண தண்டனை நிறைவேற்றினார்கள். வழிகாட்டி இதைச் சொல்லி முடிக்கும் முன்பே, கிரானைட் பட்டறையில் முப்பது ஆண்டுகள் கல் அறுத்து மெருகேற்றிய என் அப்பா குத்துக்காலிட்டு உட்கார்ந்துவிட்டார். ஒரு சிலுவையின் ஓரத்தில் கட்டைவிரலை வைத்து, வெள்ளைக் கல்லும் சாம்பல் கல்லும் சேரும் இணைப்பைத் தடவிப் பார்த்தார். பிறகு நிமிர்ந்து, "நம்ம ஊரு நடுகல்லு மாதிரிதான்பா இது" என்றார். கிருஷ்ணகிரி அருங்காட்சியகத்தில், ஆநிரை மீட்கப் போய் இறந்த வீரர்களின் கற்களை அவர் பலமுறை பார்த்தவர். நான் அதை வழிகாட்டிக்கு ஆங்கிலத்தில் சொன்னேன். அந்தப் பெண் நின்று, நடுகல் எப்படி இருக்கும், அதில் என்ன எழுதியிருக்கும் என்று அப்பாவிடம் கேட்டார். அதன் பிறகு அவர் எங்களோடு பேசிக்கொண்டே நடந்தார். உங்களுக்குத் தெரிந்ததைச் சொல்லத் தயங்காதீர்கள்; வழிகாட்டியிடம் நாள்தோறும் ஒரே கேள்விகளைத்தான் கேட்கிறார்கள்.

இன்னொன்றையும் கேட்டுப் பழகுங்கள்: "இது கதையா, வரலாறா?" நல்ல வழிகாட்டி இக்கேள்வியால் மகிழ்வார். கடிகாரத்தைச் செய்த ஹனுஷ் என்பவரின் கண்களை, வேறு ஊருக்கு இன்னொன்று செய்துவிடாதிருக்க நகர மன்றத்தார் குருடாக்கினார்கள் என்பது கதை. செய்தவர் காடான் ஊரைச் சேர்ந்த மிக்குலாஷ் என்பது பின்னாளில் கிடைத்த ஆவணத்தால் தெரிந்த வரலாறு. சார்லஸ் பாலத்தின் சுண்ணாம்புக் கலவையில் முட்டை சேர்த்தார்கள் என்ற கதையையும் கேட்பீர்கள். கடுக்காயும் வெல்லமும் அரைத்துச் சேர்த்த சுண்ணாம்பைப் பற்றி நம் கொத்தனார்கள் சொல்லக் கேட்டவர்களுக்கு அது வியப்பாக இராது.

பழைய யூதர் குடியிருப்பான யோசெபோவில் சில வீட்டு வாசல்களின் முன்னால் உள்ளங்கை அளவு பித்தளைக் கற்கள் பதிந்திருக்கும். அந்த வீட்டிலிருந்து நாஜிகளால் கொண்டுபோகப்பட்டவர்களின் பெயர்கள் அவை. வழிகாட்டி நிற்காமல் போனாலும் நீங்கள் ஒன்றையாவது நின்று படியுங்கள்.

சார்லஸ் பாலத்தில் பெரும்பாலான நடைகள் முடியும். 1342 வெள்ளம் பழைய பாலத்தை அடித்துச் சென்ற பிறகு, 1357-இல் பொஹிமியா அரசர் நான்காம் சார்லஸ் தொடங்கிய பாலம் இது. ஐந்நூறு மீட்டருக்குச் சற்று அதிக நீளம், பதினாறு வளைவுகள், முப்பது சிலைகள். பாலத்துக்குள் நுழையும் கோபுரத்தின் அடியில் ஒரு நொடி நில்லுங்கள். சதுக்கத்தில் கொல்லப்பட்டவர்களில் பன்னிருவரின் தலைகளைப் பத்து ஆண்டுகள் இந்தக் கோபுரத்தில்தான் தொங்கவிட்டிருந்தார்கள். பேருந்தில் போயிருந்தால் சதுக்கமும் கோபுரமும் இரண்டு வெவ்வேறு படங்களாகவே இருந்திருக்கும்.

முடிவில் கொடுக்க வேண்டிய பணத்தை முன்பே தனியாக எடுத்து வைத்திருங்கள். தெருவில் பணம் மாற்றித் தருகிறேன் என்று வருபவரிடம் பேச்சே வேண்டாம். வங்கி ஏ.டி.எம்.மில் எடுக்கும்போது ரூபாயில் கணக்கிடவா என்று கேட்டால் வேண்டாம் என்று அழுத்தி, கொருனாவிலேயே எடுங்கள். ரூபாயில் கணக்கிட்டால் நட்டம் நமக்கே.

மறுநாள் விடிந்ததும் வழிகாட்டி இல்லாமல் அதே பாதையில் போங்கள். காலை ஆறரை மணிக்குப் பாலத்தில் கூட்டமே இராது. 1393-இல் அரசனின் ஆணைப்படி ஆற்றில் எறியப்பட்ட பாதிரியார் யான் நெபோமுக்கின் வெண்கலச் சிலை அங்கே இருக்கிறது. அவரை எறிந்ததாகச் சொல்லப்படும் இடத்தில் கைப்பிடிச் சுவரில் ஒரு சிறிய பித்தளைச் சிலுவையும் ஐந்து நட்சத்திரங்களும் பதித்திருக்கிறார்கள். முந்தின நாள் கூட்டத்தில் அதை எங்களால் பார்க்க முடியவில்லை. திரும்பும் வழியில் சதுக்கத்துக்கு வந்து அப்பா இருபத்தேழு சிலுவைகளையும் ஒவ்வொன்றாக எண்ணினார். நடுவில் கணக்கு விட்டுப்போக, மறுபடி முதலிலிருந்து எண்ணினார். அதற்கான நேரத்தையும் உங்கள் திட்டத்தில் ஒதுக்கிக்கொள்ளுங்கள்.