திரைப்பட ஆடை வடிவமைப்பாளராக விரும்புவோருக்கு
சென்னை தரமணியிலுள்ள நிஃப்ட் (தேசிய ஆடை வடிவமைப்புத் தொழில்நுட்ப நிறுவனம்) போன்ற நிறுவனத்தில் பயிலலாம். ஆயினும் படப்பிடிப்பில் உதவியாளராகச் சேர்ந்த பின்னரே தொழில் கைவரும். முதலில் திரைக்கதையைக் காட்சிவாரியாகப் பிரித்து, எந்தப் பாத்திரம் எப்போது எதை உடுத்துகிறது என அட்டவணை எழுதப் பழகுங்கள். காட்சிகள் கதையின் வரிசைப்படி படமாக்கப்படுவதில்லை என்பதால், சட்டைக் கை எத்தனை மடிப்பு மடிக்கப்பட்டிருந்தது, மேல் பொத்தான் திறந்திருந்ததா என்பதையெல்லாம் உடனுக்குடன் புகைப்படமெடுத்துக் காட்சி எண்ணுடன் சேமிக்க வேண்டும். சண்டை, மழைக் காட்சிகளுக்கு ஒரே உடையின் பல பிரதிகள் தேவை. உழவர் பாத்திரத்துக்குப் புதுச் சட்டை ஒட்டாது. அதைப் பலமுறை துவைத்து, தேயிலைச் சாற்றில் நனைத்து, காலரை உப்புத்தாளால் தேய்த்துப் பழையதாக்க வேண்டும். பட்டும் ஜரிகையும் அல்ல, இந்த வேலையே திறமையைக் காட்டும் என்பேன். ‘காந்தி’ படத்துக்காக 1983இல் ஜான் மொல்லோவுடன் ஆடை வடிவமைப்புக்கான ஆஸ்கர் பெற்ற பானு அத்தையா, பத்திரிகைகளுக்கு ஆடை ஓவியம் வரைந்தே தொடங்கியவர். ஆகவே வரையும் பழக்கத்தையும் விடாதீர்கள்.