ஒளி இழைக் கீற்றணி எந்த அலைநீளத்தைத் திருப்பி அனுப்புகிறது: மேசைமேல் வைத்துப் பார்க்கும் முறை

எங்கள் ஆய்வகத்துக்குப் புதிதாக வருகிறவர்கள் கையில் முதல் நாளே ஓர் ஒளி இழையைக் கொடுத்துவிடுவேன். அதில் 1 சென்டிமீட்டர் இடைவெளியில் மையால் இரண்டு புள்ளிகள் இருக்கும். அந்த இடைவெளிக்குள் 18,000-க்கும் மேற்பட்ட கோடுகள் இருக்கின்றன, அந்த வரிசைதான் கீற்றணி என்று சொன்னால் விளக்கடியில் நீட்டித் திருப்பிப் பார்ப்பார்கள். ஒன்றும் தெரியாது. ஆனால் 1550 நானோமீட்டர் ஒளி அங்கே போனால் பெரும்பகுதி திரும்பி வந்துவிடும். 1552 நானோமீட்டர் ஒளியோ, அங்கே ஒன்றுமே இல்லாததுபோலக் கடந்து போகும். இதை நீங்களே செய்து பார்க்கத்தான் இந்தக் குறிப்பு.

கருவியைத் தொடுவதற்கு முன் தாளில் ஒரு கணக்குப் போடுங்கள். திரும்பும் அலைநீளம் = 2 × ஒளிவிலகல் எண் × கோடுகளின் இடைவெளி. ஒளிவிலகல் எண் என்பது கண்ணாடிக்குள் ஒளி எத்தனை மடங்கு மெதுவாகப் போகிறது என்பது. சாதாரண ஒற்றைமுறை இழையில் (ஒளி ஒரே வழியில் மட்டும் போகும் இழை) அந்த எண் சுமார் 1.447. அப்படியானால் 1550-க்கு இடைவெளி 535.6 நானோமீட்டர். 1 சென்டிமீட்டரில் ஏறக்குறைய 18,670 கோடுகள்.

கோடு என்றதும் கீறல் என்று நினைத்துவிடாதீர்கள். இழையின் நடுவே ஒளி ஓடும், ஜெர்மேனியம் கலந்த உள்ளகத்தில் புற ஊதா ஒளி பட்ட இடத்தில் ஒளிவிலகல் எண் பத்தாயிரத்தில் ஒரு பங்கு அளவுக்கு உயர்ந்திருக்கும், அவ்வளவுதான். ஒரு கோட்டில் பட்டுத் திரும்புவது நூறு கோடியில் ஏறத்தாழ ஒரு பங்கு. 18,670 கோடுகளுக்கும் வெறுமனே கூட்டினால் லட்சத்தில் இரண்டு பங்குதான் தேறும். பிறகு எப்படி 90 சதவீதம் திரும்புகிறது?

தேர் இழுப்பதை நினைத்துப் பாருங்கள். வடம் பிடித்தவர்கள் ஆளுக்கொரு நேரத்தில் இழுத்தால் தேர் நகராது. குரல் கொடுத்து எல்லாரும் ஒரே கணத்தில் இழுக்கும்போதுதான் சக்கரம் உருளும். ஒரு கோட்டிலிருந்து அடுத்த கோட்டுக்குப் போய்த் திரும்பும் தூரம் 1071 நானோமீட்டர். கண்ணாடிக்குள் 1550-இன் ஓர் அலையின் நீளமும் அதேதான். அதனால் எல்லாக் கோடுகளும் திருப்பும் அலைகள் முகட்டோடு முகடு சேர்கின்றன. 1552-க்கு ஒவ்வொரு கோட்டிலும் துளி துளியாகப் பிசகும். முதல் கோடு திருப்புவதும் 389-ஆவது கோடு திருப்புவதும் நேர் எதிராக வந்து ஒன்றையொன்று அழித்துக்கொள்ளும். மற்றவையும் இப்படியே ஜோடி ஜோடியாக அழியும்.

சரி, இனி மேசை. ஒரு அகலப்பட்டை ஒளிமூலம் (பல அலைநீளங்களை ஒருசேரத் தருவது), ஒரு சர்குலேட்டர் (1-இல் நுழையும் ஒளியை 2-க்கும், 2-இல் திரும்பி வருவதை 3-க்கும் அனுப்புவது), கீற்றணி இழை, ஒரு ஸ்பெக்ட்ரம் அனலைசர் (எந்த அலைநீளத்தில் எவ்வளவு ஒளி என்று திரையில் காட்டுவது), இவை போதும். ஒளிமூலத்தைச் சர்குலேட்டரின் 1-ஆம் வாயிலிலும் கீற்றணியை 2-ஆம் வாயிலிலும் அனலைசரை 3-ஆம் வாயிலிலும் இணையுங்கள். பச்சைத் தலை கனெக்டரின் முகம் 8 டிகிரி சாய்வாகத் தேய்த்தது. நீலத் தலை அப்படியல்ல. இரண்டையும் நேராகச் சேர்த்தால் ஒளியும் வீணாகும், முகமும் கெடும். ஒவ்வொரு முறை இணைக்கும் முன்பும் துடையுங்கள். இந்த ஒளி கண்ணுக்குத் தெரியாது என்பதால் ஒளிமூலம் ஓடும்போது இழை நுனியைக் கண்ணருகே கொண்டுபோகவே கூடாது. வெட்டி விழும் கண்ணாடித் துண்டுகளை ஒட்டு டேப்பில் ஒற்றி எடுங்கள், தோலில் ஏறினால் வெளியே எடுப்பது பெரும்பாடு.

திரையில் 1550 அருகே ஒரு கூர்மையான முகடு எழும். அதன் இருபுறமும் தரை மட்டம் உயர்ந்தே இருந்தால், முகடு சுமார் 14 டெசிபல் (இரண்டு ஒளி அளவுகளின் விகிதத்தைச் சொல்லும் அலகு) மட்டுமே எழும்பி நின்றால், காரணம் இழையின் மறுமுனை. நேராக வெட்டிய கண்ணாடி நுனி எல்லா அலைநீளத்திலும் 3.5 சதவீதம் அளவுக்குத் திருப்பி அனுப்பும். கீற்றணிக்கு அப்பால் உள்ள இழையை ஒரு பென்சிலில் ஏழெட்டுச் சுற்றுச் சுற்றுங்கள், ஒளி வளைவில் கசிந்துவிடும், தரை சட்டென்று இறங்கும். வளைவைத் தாங்கும் வகை இழை என்றால் இது பலிக்காது, நுனியை ஒளிவிலகல் எண் பொருந்தும் ஜெல்லில் தோய்க்க வேண்டும்.

நாம் விரட்டும் இதே நுனி ஒளிதான் முதல் கீற்றணியையே எழுதியது. 1978-இல் கனடாவின் ஒட்டாவாவில் கென் ஹில்லும் அவருடன் இருந்தவர்களும் ஆர்கான் லேசர் ஒளியை ஜெர்மேனியம் கலந்த இழைக்குள் விட்டபோது, திரும்பி வரும் ஒளி நேரம் ஆக ஆகக் கூடிக்கொண்டே போனது. போகும் ஒளியும் நுனியில் பட்டுத் திரும்பிய ஒளியும் சேர்ந்து உருவாக்கிய, இடம் நகராத நிலையலை, தன் வடிவத்தை உள்ளகத்திலேயே பதித்துக்கொண்டிருந்தது. அப்படி எழுதினால் லேசரின் அலைநீளத்துக்கு மட்டுமே கீற்றணி கிடைக்கும். 1989-இல் பக்கவாட்டிலிருந்து இரு புற ஊதாக் கற்றைகளைக் குறுக்கிடச் செய்து எழுதும் வழி வந்தபிறகுதான் விரும்பிய இடைவெளியை எழுத முடிந்தது. எனக்கு இந்தத் துறையில் மிகவும் பிடித்த கதை இதுதான்.

முகட்டைப் பார்த்ததும் நிறுத்திவிடாதீர்கள். முகட்டின் உயரம் கீற்றணி எத்தனை சதவீதம் திருப்புகிறது என்று நேரடியாகச் சொல்லாது, கனெக்டர் இழப்பு, சர்குலேட்டர் இழப்பு எல்லாம் அதில் கலந்திருக்கும். சர்குலேட்டரைக் கழற்றிவிட்டு, பென்சிலில் சுற்றியதையும் அவிழ்த்து, ஒளியைக் கீற்றணி வழியாக நேராக அனலைசருக்கு அனுப்புங்கள். 1550-இல் ஒரு பள்ளம் தெரியும். பக்கத்துத் தரையோடு ஒப்பிட்டு ஆழத்தை அளந்தால் போதும்: 3 டெசிபல் என்றால் பாதி, 10 என்றால் 90 சதவீதம், 20 என்றால் 99. நான் பள்ளத்தைத்தான் நம்புவேன்.

ஆனால் அனலைசரின் பகுதிறனை, அதாவது அது ஒரே நேரத்தில் சேர்த்து அளக்கும் அலைநீள அகலத்தை, சிறிய எண்ணில் வையுங்கள். ஒருமுறை 90 சதவீதம் என்று வாங்கிய கீற்றணியில் எனக்கு 2 டெசிபல் பள்ளமே கிடைத்தது. திருப்பி அனுப்பப் பெட்டியில் கட்டியும் வைத்துவிட்டேன். பிறகு பார்த்தால் பகுதிறன் 0.5 நானோமீட்டரில் நின்றது. பள்ளத்தின் அகலமே 0.2 தான், சுற்றியுள்ள ஒளி வழிந்து அதை நிரப்பிவிட்டது. 0.02-க்கு மாற்றியதும் முழு ஆழம் வந்தது.

அப்புறம் மனதுக்கு நிறைவான பகுதி. கீற்றணியைத் தளர்வாக விட்டு, விரல்களால் மெல்ல மூடுங்கள். 5 டிகிரி சூடேறினால் முகடு நீண்ட அலைநீளப் பக்கம் சுமார் 0.05 நானோமீட்டர் நகரும், அதாவது டிகிரிக்கு ஏறத்தாழ 10 பிக்கோமீட்டர். அடுத்து இழையின் மேல்முனையை ஓர் உருளைத் தண்டில் சுற்றி டேப்பால் ஒட்டி, கீழே 50 கிராம் எடையைத் தொங்கவிடுங்கள். 0.7 நானோமீட்டர் அளவுக்கு முகடு தாவும். கோடுகளின் இடைவெளி நீள்வதை நீங்கள் கண்ணால் பார்க்கும் தருணம் அது. எடையை எடுத்ததும் பழைய இடத்துக்கே வர வேண்டும், வராவிட்டால் டேப் வழுக்கியிருக்கிறது.

வெப்பமும் இழுப்பும் முகட்டை ஒரேபோல நகர்த்துவதால், நோட்டில் அலைநீளத்தை மட்டும் எழுதினால் மறுநாள் அந்த எண்ணை எதோடும் ஒப்பிட முடியாது. அறையின் வெப்பநிலையையும் பக்கத்தில் எழுதுங்கள். இழுப்பை அளக்கும் வேலை என்றால் இரண்டாவது கீற்றணி ஒன்றை அருகிலேயே தளர்வாக வைத்து, அதன் நகர்வை முதலாவதிலிருந்து கழியுங்கள்.