செலக்‌ஷன் லிஸ்டில் பெயர் இல்லையா? ரிட் போடுவதற்கு முன் இதைப் படியுங்கள்

அரசு வேலைக்கான தேர்வில் தங்கைக்கு 243 மார்க். பொதுப்பிரிவில் கடைசியாகத் தேர்வான பெண்ணுக்கு 241.5. ஆனாலும் லிஸ்டில் தங்கை பெயர் இல்லை, அவளை பிசி பெண்கள் இடத்துக்கு மட்டும்தான் பார்த்திருந்தார்கள். (எந்தத் தேர்வு, எந்த அலுவலகம் என்பதெல்லாம் வேண்டாம்.) அதை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (அரசின் முடிவை எதிர்த்து நேரடியாகப் போடுவது) போட்டோம், அந்த வழக்குக்காக அலைந்து கற்றுக்கொண்டதை வரிசையாக எழுதுகிறேன்.

1. முதலில் உங்கள் குறை எது என்று பாருங்கள். ஆன்சர் கீ தப்பு என்பதை மட்டும் நம்பிப் போனால் கஷ்டம். 2017 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் சொன்ன ரண் விஜய் சிங் தீர்ப்புக்கு அப்புறம், கண்ணுக்கு நேராகத் தெரியும் தவறாக இருந்தால்தான் கோர்ட் அதில் கை வைக்கும். தேர்வை எழுதி முடித்த பிறகு, தேர்வு முறையே சரியில்லை என்று சொன்னால், 'அப்போது ஏன் பேசாமல் எழுதினாய்' என்று கேட்பார்கள். இட ஒதுக்கீட்டுக் கணக்கில் தவறு என்றால் நிலைமையே வேறு. எங்களுக்குக் கைகொடுத்தது 2020 டிசம்பரில் வந்த சௌரவ் யாதவ் தீர்ப்பு: மார்க் இருந்தால் ஒதுக்கீட்டுப் பிரிவுப் பெண்ணையும் பொதுப்பிரிவுப் பெண்கள் இடத்தில் வைக்க வேண்டும்.

2. ஆர்டிஐ (தகவல் அறியும் உரிமைச் சட்டம்). மனுவில் 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டுங்கள். 'என்னை ஏன் தேர்வு செய்யவில்லை?' என்று கேட்காதீர்கள், அது தகவல் ஆகாது என்று ஒரு வரியில் பதில் வரும், எங்களுக்கு வந்தது. 'தேர்வானவர்களின் பதிவெண், மார்க், எந்தச் சுழற்சி இடத்தில் (இட ஒதுக்கீட்டு வரிசையில் எந்தப் பிரிவுக்கான இடத்தில்) தேர்வு என்ற பட்டியலின் நகல் வேண்டும்' என்று கேளுங்கள். 30 நாளில் பதில் வராவிட்டால் உடனே முதல் மேல்முறையீடு.

3. கோரிக்கை மனு. தவறைச் சரிசெய்யச் சொல்லித் தேர்வு நடத்தியவர்களுக்கு எழுதுவது. ஆர்டிஐக்குக் காத்திருக்காமல் இதையும் அனுப்பிவிடுங்கள், போய்ச் சேர்ந்ததற்கு அத்தாட்சி கிடைக்கிற மாதிரி தபாலில்தான். மெயில் மட்டும் அனுப்புவதில் எனக்கு நம்பிக்கை இல்லை.

4. எதிர்மனுதாரர்கள். நாங்கள் விழுந்த குழி இதுதான். அரசையும் தேர்வு நடத்தியவர்களையும் மட்டும் சேர்த்து ரிட் போட்டோம். லிஸ்ட் மாறினால் வேலையை இழக்கப் போகிறவர் யாரோ அவரைச் சேர்க்கவில்லை. அரசு வக்கீல் எழுந்து அதை மட்டும்தான் சொன்னார், உட்கார்ந்துவிட்டார். வேலையை இழக்கப் போகிறவரைக் கேட்காமல் அவருக்கு எதிராக உத்தரவு போட முடியாது. 1984 பிரபோத் வர்மா தீர்ப்பிலிருந்தே இதுதான் சட்டம். சேர்ப்பு மனு போட்டு, முகவரி தேடி, நோட்டீஸ் அனுப்பி முடிக்க நாலு மாதம் போயிற்று. நூற்றுக்கணக்கில் ஆட்கள் இருந்தால் எல்லாரையும் சேர்க்க வேண்டியதில்லை, பிரதிநிதிகளாகச் சிலர் போதும். உங்களுக்குக் கீழே மார்க் வாங்கித் தேர்வானவர்களில் கடைசி ஆளை மட்டும் விட்டுவிடாதீர்கள்.

5. ரிட். மாநில அரசு வேலை என்றால் அரசியல் சட்டத்தின் 226வது பிரிவின்கீழ் சென்னை உயர் நீதிமன்றம், தென்மாவட்டம் என்றால் மதுரைக் கிளை. சர்வீஸ் வழக்கு (அரசுப் பணி சம்பந்தமான வழக்கு) பார்க்கிற வக்கீலிடமே போங்கள். சொந்தக்காரர், நிலத் தகராறு பார்ப்பவர், ஃபீஸ் குறைவு என்றெல்லாம் யோசிக்காதீர்கள். லிஸ்டை ரத்து செய்து திரும்பப் போடச் சொல்லும் ரிட்டுக்கு 'செர்ஷியோரரிஃபைட் மேண்டமஸ்' என்று பெயர், பயப்பட வேண்டாம். ரிட்டுக்குக் காலக்கெடு என்று எண் எதுவும் கிடையாதுதான், ஆனால் எல்லாரும் பணியில் சேர்ந்த பிறகு போய் நின்றால் தாமதத்தைச் சொல்லியே தள்ளிவிடுவார்கள்.

*சேர்த்தது:* கமென்டில் ஒருவர் மத்திய அரசு வேலைக்கு உயர் நீதிமன்றம் போய்த் திரும்பி வந்ததாக எழுதியிருந்தார். அதற்கு முதலில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம், அங்கே ஒரு வருடக் கெடு உண்டு.

6. இடைக்கால மனு. வழக்கு முடியும்வரை ஒரு தற்காலிக உத்தரவு கேட்பது. மொத்த லிஸ்டுக்கும் தடை கேட்காதீர்கள், சுலபத்தில் கிடைக்காது. 'ஒரு இடத்தைக் காலியாக வைக்க வேண்டும்' என்று கேளுங்கள். நாங்கள் அதைத்தான் கேட்டோம், கிடைத்தது. தங்கை இப்போது உட்கார்ந்திருப்பது அந்த நாற்காலியில்தான்.