20 லட்சத்துக்கு உட்பட்ட கடன்: சிவில் கோர்ட்டில் வசூல் வழக்கு

வங்கிக் கடன் நிலுவை 20 லட்சம் ரூபாயை எட்டினால் வசூல் வழக்கு கடன் மீட்புத் தீர்ப்பாயத்துக்குப் போகும் (2018 வரை 10 லட்சம்). அதற்குக் கீழே சிவில் கோர்ட்தான். பிணை விவசாய நிலமாக இருந்தால் கோர்ட்டுக்குப் போகாமலே பிணைச் சொத்தை வங்கி கைப்பற்ற வழிசெய்யும் சர்ஃபாசி சட்டமும் பாயாது.

பைலை எடுத்ததும் தொகையைப் பார்க்காதீர்கள், தேதியைப் பாருங்கள். கேட்கும்போது தருவதாக எழுதிய புரோநோட்டு (கடனுறுதிச் சீட்டு) என்றால், வழக்கு போடும் கெடு எழுதிய நாளிலிருந்து 3 ஆண்டு. அடமானச் சொத்தை விற்று வசூலிக்க 12 ஆண்டு உண்டு. ஆனால் ஏலத்துக்குப் பின்னும் பாக்கி நின்றால், அதைக் கடனாளியிடம் நேரடியாகக் கேட்க 3 ஆண்டுக் கெடுவுக்குள் வழக்கு போட்டிருக்க வேண்டும்.

கெடுவை நீட்டிக்க வழி, கடன் பாக்கி இருப்பதைக் கடனாளி ஒப்புக்கொள்ளும் கடன் ஒப்புகைக் கடிதம். கெடு முடியும் முன்பே, தேதியோடு கையெழுத்து வாங்க வேண்டும். ஜாமீன்தாரரிடமும் தனியாக வாங்குங்கள். தேதி போடாமல் வாங்கி வைத்துப் பிறகு நிரப்பும் பழக்கம் குறுக்கு விசாரணையில் உடையும். இடையில் பணம் கட்டியிருந்தால், கடனாளி கையெழுத்திட்ட செலானைத் தேடி எடுங்கள். எழுத்தில் அவர் கையெழுத்து இல்லாத வரவு, கெடுவைப் புதுப்பிக்கப் போதாது.

அடுத்து கணக்கு விவரம். கம்ப்யூட்டர் அச்சுப்படி மட்டும் செல்லாது. வங்கியாளர் புத்தகச் சாட்சியச் சட்டம் 2ஏ பிரிவின்படி கிளை மேலாளர் அல்லது தலைமைக் கணக்கரின் சான்று ஒன்று, கணினிப் பொறுப்பாளரின் சான்று ஒன்று என இரண்டும் வேண்டும். கணக்கு, கடன் பட்டுவாடா ஆன நாளிலிருந்து தொடங்கட்டும். பழைய கடன்களில் சாப்ட்வேர் மாறிய அன்றைய 'ஆரம்ப இருப்பு'தான் முதல் வரியாக நிற்கும். அது எப்படி வந்தது என்று எதிர்த்தரப்பு வக்கீல் கேட்டால் பழைய லெட்ஜர்தான் பதில்.

வணிகக் கடன், 3 லட்சமோ அதற்கு மேலோ என்றால், அவசர இடைக்கால நிவாரணம் கேட்காத பட்சத்தில் முதலில் மத்தியஸ்தம். அதைத் தாண்டிப் போட்ட பிராது (வழக்கு மனு) நிராகரிக்கப்படும்.

பிணையில்லாக் கடனுக்கு எழுத்து ஒப்பந்தமோ புரோநோட்டோ இருந்தால் சிவில் நடைமுறைச் சட்டம் ஆணை 37-இன் கீழ், விரைவாக முடியும் சுருக்க வழக்கு போடலாம். சம்மன் கிடைத்த 10 நாளில் பிரதிவாதி ஆஜராகாவிட்டால் டிக்ரி (பணத்தைக் கட்டச் சொல்லும் கோர்ட் ஆணை) கேட்கலாம். சொத்தை விற்றுவிட்டு நழுவப் பார்க்கிறார் என்று காட்ட முடிந்தால் தீர்ப்புக்கு முன்பே ஜப்தி கேளுங்கள். வில்லங்கச் சான்று இல்லாமல் வெறும் சந்தேகத்தில் கேட்டால் கிடைக்காது.

டிக்ரியோடு பல கிளைகள் பைலை மூடிவிடுகின்றன. பணம் வருவது டிக்ரியை அமல்படுத்தக் கேட்கும் நிறைவேற்று மனுவில்தான். அதற்கு 12 ஆண்டு அவகாசம். சொத்து எது என்று தெரியாவிட்டால், ஆணை 21 விதி 41-இன்படி கடனாளியைச் சொத்து விவரப் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்யச் சொல்லுங்கள். சம்பள ஜப்தியில் முதல் 1,000 ரூபாயும் மீதியில் மூன்றில் இரண்டு பங்கும் தொட முடியாதவை: கணக்கில் வரும் சம்பளம் 31,000 என்றால் மாதம் 10,000 கிடைக்கும். 24 மாதம் பிடித்தபின் அதே டிக்ரிக்கு அந்தச் சம்பளத்தை மறுபடி பிடிக்க முடியாது. ஆகவே மீதியை ஜாமீன்தாரரிடம் வசூலிக்க, அவரைப் பிராதிலேயே பிரதிவாதியாகச் சேர்த்திருக்க வேண்டும்.